அடைப்புக்குறிக்குள் ஒரு சிரிப்பு

ஆங்கிலத் தொடர்களைத் திரையில் ஓடும் எழுத்தோடு பார்க்கும் பழக்கம் உள்ளவர்கள் கவனித்திருப்பார்கள். யாரும் பேசாத நேரத்திலும் சதுர அடைப்புக்குறிக்குள் ஏதாவது ஒன்று வந்து போகும். கதவு சாத்தும் சத்தம், தூரத்தில் நாய் குரைப்பு, இடி. இவற்றுக்கு நடுவே அடிக்கடி தலைகாட்டுவது சிரிப்பு. அதுவும் வெறும் சிரிப்பாக வராது. ஓரிடத்தில் 'சக்கிள்ஸ்', அடுத்த காட்சியில் 'ஸ்னிக்கர்ஸ்', அதற்கடுத்து 'ஸ்காஃப்ஸ்'. 'சிரிக்கிறார்' என்று எழுதித் தொலைத்தால் என்ன, இவர்களுக்கு எதற்கு இத்தனை சொல் என்று நீங்கள் எரிச்சல்பட்டிருக்கலாம். அந்தச் சொற்களைத் தட்டச்சு செய்கிறவர்களில் நானும் ஒருத்தி.

பெருங்குடியில் ஓர் அலுவலகத்தில் ஹெட்போனை மாட்டிக்கொண்டு, அமெரிக்க, பிரிட்டிஷ் படங்களுக்கு ஆங்கிலத்திலேயே கேப்ஷன் போடுவது என் பிழைப்பு. காது கேளாதவர்களுக்காகத் தொடங்கிய ஏற்பாடு இது. 1972இல் பாஸ்டனிலிருந்து ஒளிபரப்பான ஜூலியா சைல்டின் 'தி ஃபிரெஞ்ச் செஃப்' சமையல் நிகழ்ச்சியில்தான் அமெரிக்கத் தொலைக்காட்சி முதன்முதலில் அவர்களுக்காக எழுத்து போட்டது. வேண்டுகிறவர் வீட்டுத் திரையில் மட்டும் எழுத்து தெரியும் முறை 1980இல் வந்தது. இப்போது காது நன்றாகக் கேட்கிறவர்களும் எழுத்தில்லாமல் படம் பார்ப்பதில்லை. எங்களுக்கும் வேலை இருக்கிறது.

ஒரு வரிக்கு 42 எழுத்துக்கு மேல் போகக் கூடாது என்பது இந்தத் தொழிலில் பரவலான விதி. சிரிப்புக்கு ஒதுக்க முடிவது பெரும்பாலும் ஒரே சொல். பழைய காதலியின் கல்யாணப் பத்திரிகையைப் பார்த்து உள்ளுக்குள் புழுங்கியபடி வெளியே சிரித்தான் என்றெல்லாம் எழுத இடம் கிடையாது. அந்த ஒரு சொல்லிலேயே அவன் ஏன் சிரித்தான், யாரைப் பார்த்துச் சிரித்தான் என்பதெல்லாம் அடங்கியாக வேண்டும். ஆங்கிலத்தின் சிரிப்புச் சொற்கள் எனக்குப் பிடிபட்டது இந்த நெருக்கடியில்தான். அகராதியில் பார்த்தால் இவை சத்தத்தின் அளவுப்படி அடுக்கியதுபோல் தெரியும்: இது மெல்லிய சிரிப்பு, இது உரத்த சிரிப்பு. வேலையில் இறங்கினால் சத்தம் இரண்டாம்பட்சம் ஆகிவிடுகிறது. சிரிப்பவர் எங்கே நிற்கிறார், சிரிப்புக்கு ஆளானவர் எங்கே நிற்கிறார் என்பதுதான் சொல்லைத் தீர்மானிக்கிறது. கேப்ஷன் எழுதுகிறவள் ஒவ்வொரு சிரிப்புக்கும் ஒரு தீர்ப்பு எழுதுகிறாள்.

இன்னொரு விதியும் உண்டு. காதுக்குக் கேட்பதை மட்டுமே எழுத வேண்டும். கண்ணுக்குத் தெரிவதைப் பார்வையாளர் பார்த்துக்கொள்வார். அதனால் 'ஸ்மைல்', 'கிரின்', உதட்டோரம் கோணும் 'ஸ்மர்க்' எதற்கும் எங்களிடம் வேலை இல்லை.

சக்கிளிலிருந்து தொடங்குகிறேன். வாயை அதிகம் திறக்காமல் தனக்குள்ளேயே சிரித்துக்கொள்வது. பேரன் செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டு நடப்பதைப் பார்த்துத் தாத்தா சிரிப்பது. யாருக்கும் வலிக்காது. சிரிக்கிறவர் நிம்மதியாக இருக்கிறார் என்று அர்த்தம். 'கேக்கிள்' கோழியின் கொக்கரிப்பு; 1939இல் வந்த 'தி விசார்ட் ஆஃப் ஆஸ்' படத்தில் பச்சை முகத்தோடு மார்கரெட் ஹாமில்டன் சிரித்தாரே, அதைக் கேட்டவர்களுக்குச் சூனியக்காரி என்றாலே அந்தச் சத்தம்தான். வேடிக்கை என்னவென்றால், சக்கிளும் கோழிக்கூண்டிலிருந்து வந்ததுதான். கோழி 'கொக் கொக்' என்பதைக் குறித்த பழைய சொல்லில் பிறந்து, முதலில் உரத்த சிரிப்பையே குறித்தது. பிறகு எப்படியோ அடங்கி, பென்ஷன் வாங்கும் பெரியவராகிவிட்டது. இந்தச் சக்கிளையும் மூக்கால் உறுமும் 'ஸ்னார்ட்'டையும் ஒட்டவைத்து 'சார்ட்டில்' என்று ஒன்றை லூயிஸ் கரோல் 1871இல் 'த்ரூ தி லுக்கிங் கிளாஸ்' நூலில் உருவாக்கினார். விளையாட்டுக் கவிதையில் பிறந்த சொல் இன்று எல்லா அகராதியிலும் சட்டமாக உட்கார்ந்திருக்கிறது. நான் அதைத் தொடுவதில்லை. அது கதை எழுதுகிறவர்களின் சொல். ஹெட்போனில் எனக்கு ஒருபோதும் சார்ட்டில் கேட்டதில்லை.

'கிகிள்' பிள்ளைகளுடையது, கிளுகிளுவென்று அடக்கமாட்டாமல் வருவது. அதையே அடக்கப் பார்த்து, பல்லிடுக்கில் கசியவிட்டால் 'டிட்டர்'. தேவாலயத்தில் பாதிரியார் வாய் தவறி எதையோ சொல்லிவிட்டால் பின்வரிசை பெஞ்சுகளில் ஓடுவது அது. 'கஃபா' ஸ்காட்லாந்துக்காரர்கள் கொடுத்த வெடிச்சிரிப்பு. இந்த மூன்றுக்கும் அடியில் குலமரியாதைக் கணக்கு ஒன்று ஓடிக்கொண்டிருக்கிறது. செஸ்டர்ஃபீல்ட் பிரபு 1748இல் தன் மகனுக்கு எழுதிய கடிதத்தில், நல்ல குடியில் பிறந்தவன் புன்னகைக்கலாம், காதில் விழும்படி சிரிக்கக் கூடாது என்று புத்தி சொன்னார். தனக்குப் புத்தி தெரிந்த நாளிலிருந்து தான் சிரித்து யாரும் கேட்டதில்லை என்று பெருமை வேறு. அதே காலத்து லண்டனில்தான் அகராதி எழுதிய சாமுவேல் ஜான்சனும் இருந்தார். 1773 மே மாதத்து இரவொன்றில், நண்பர் ஒருவர் உயில் எழுதிய கதையை நினைத்து நினைத்து, நடைபாதைக் கம்பத்தைப் பிடித்துக்கொண்டு அவர் சிரித்த சிரிப்பு டெம்பிள் பாரிலிருந்து ஃப்ளீட் டிச் வரை எதிரொலித்தது போலிருந்ததாக, அவருடைய வாழ்க்கை வரலாற்றை எழுதிய பாஸ்வெல் பதிந்து வைத்திருக்கிறார். ஜான்சனின் சிரிப்பைக் காண்டாமிருகத்தின் சிரிப்பு என்று புத்தக வியாபாரி டாம் டேவிஸ் வர்ணித்ததும் பாஸ்வெல் புண்ணியத்தில் நமக்குக் கிடைத்தது. பிரபுவுக்கும் ஜான்சனுக்கும் ஆகாது. அகராதி வேலை நடந்த வருஷங்களில் கண்டுகொள்ளாமல் இருந்துவிட்டு, நூல் வெளிவரும் சமயத்தில் பிரபு பாராட்டி எழுத, ஜான்சன் 1755இல் அவருக்குச் சுடச்சுடப் போட்ட கடிதம் இன்றும் பிரபலம். அதைப் படித்து பிரபு சிரித்தாரோ இல்லையோ, சத்தம் வந்திருக்காது.

எனக்கு மிகவும் பிடித்தது ஸ்னிக்கர். நம்முடைய நமட்டுச் சிரிப்பு அச்சாகப் பொருந்தும் இடம் இது. ஹன்னா பார்பெரா நிறுவனம் 1968இல் எடுத்த 'வாக்கி ரேசஸ்' கார்ட்டூனில் மட்லி என்றொரு நாய் வரும். எஜமானன் போடும் சதித்திட்டம் அவன் தலையிலேயே விழும்போதெல்லாம் தோள் குலுங்க மூச்சிரைத்துச் சிரிக்கும். அதுதான் ஸ்னிக்கர். அடியில் இருப்பவர் மேலே இருப்பவரைப் பார்த்துச் சிரிப்பது, அவருக்குத் தெரியக் கூடாது, பக்கத்தில் இருப்பவருக்குத் தெரிந்தாக வேண்டும். முதலாளி ஸ்னிக்கர் செய்வதாக நான் எழுதியதே இல்லை. அவருக்கு ஒளிந்து சிரிக்க வேண்டிய தேவை இல்லையே. பிரிட்டிஷார் இதையே மெலிதாக்கி 'ஸ்னிகர்' என்பார்கள். அமெரிக்கப் படத்துக்கு அந்த வடிவம் ஆகாது. கறுப்பின மக்களை இழிவுபடுத்தும் ஒரு வசைச்சொல்லின் ஓசை அதில் ஒலிக்கிறது. பெட்டிக்கடையில் தொங்கும் ஸ்னிக்கர்ஸ் சாக்லேட்டுக்கும் இந்தச் சிரிப்புக்கும் சம்பந்தமில்லை. அது அந்த மிட்டாய்க் கம்பெனிக் குடும்பத்தாரின் குதிரையின் பெயர்.

ஒரே சிரிப்புக்கு இரண்டு தீர்ப்பு எழுத வேண்டிவந்தால்? மிலோஸ் ஃபோர்மன் இயக்கிய 'அமடேயஸ்' (1984) படத்தைச் சொல்ல வேண்டும். டாம் ஹல்ஸ் அதில் மோட்ஸார்ட்டாக நடித்திருப்பார். தெய்வீகமான இசையை எழுதும் அந்த ஆள் சிரிக்கும்போது, பள்ளிக்கூடப் பிள்ளை கெக்கெக்கே என்று கத்துவதுபோல் ஒரு சத்தம் வரும். சந்தேகமே இல்லாமல் கிகிள். கள்ளங்கபடம் இல்லாதது, யாரையும் குறிவைக்காதது. ஆனால் கதையைச் சொல்பவர் அரண்மனை இசைக்கலைஞர் சாலியேரி. வாழ்நாள் முழுதும் கடவுளிடம் மன்றாடியும் தனக்குக் கிடைக்காத வரம் இந்த அற்பனுக்குக் கிடைத்துவிட்டதே என்று வெந்துபோனவர். அவர் காதில் அதே சத்தம் ஏளனமாக விழுகிறது. தன்னை வைத்துக் கடவுளே விளையாடுவதாக விழுகிறது. படம் முடிந்து திரை இருளும்போது நாம் கடைசியாகக் கேட்பதும் அந்தச் சிரிப்புதான். அங்கே என்ன சொல் போடுவது? கிகிள் என்றால் சிரித்தவனுக்கு நியாயம், கேட்டவனுக்கு அநியாயம். 'மாக்கிங் லாஃப்டர்' என்றால் சாலியேரியின் பைத்தியத்தை நாமும் ஏற்றுக்கொண்டதாகிவிடும். அந்தப் படம் என் மேசைக்கு வந்ததில்லை. வந்திருந்தால் கிகிள் என்றே போட்டிருப்பேன். அந்தச் சொல்லின் குழந்தைத்தனமே சாலியேரியை எப்படி எரித்திருக்கும் என்பதைப் பார்வையாளர் உணர்ந்துகொள்வார்.

அலுவலகத்தில் அதிகம் சண்டை மூட்டுவது ஸ்காஃப். அகராதிப்படி இது பேச்சைக் குறிப்பது: ஒருவர் நம்புவதை இன்னொருவர் இழிவாகத் தள்ளிப் பேசுவது. கேப்ஷன் உலகத்தில் இது ஒரு சத்தமாகவே மாறிவிட்டது. மூக்கிலிருந்தோ தொண்டையிலிருந்தோ 'ஹ' என்று ஒரு காற்று வெளியே வரும் பாருங்கள், பாதி சிரிப்பு பாதி சீறல், அதற்கு இதை விட்டால் வேறு சொல் இல்லை. (பிரிட்டனில் இதே சொல்லுக்கு வாரி வாரி அடைத்துச் சாப்பிடுவது என்றும் ஒரு பொருள் உண்டு. சாப்பாட்டு மேசைக் காட்சியில் ஜாக்கிரதை.) நாங்கள் எழுதி முடித்ததை ஒரு மூத்த அக்கா சரிபார்ப்பார். ஸ்காஃப் வரும் இடமெல்லாம் நிறுத்துவார்.

"ஏம்மா, இவன் சிரிக்கிறானா, செருமுறானா?"

"சிரிக்கிறான்க்கா. பொண்டாட்டி சொன்னதை நம்பலை."

"அது அவனுக்குத்தானே தெரியும்? நீ எழுதிட்டேன்னா அந்தப் பொண்ணுக்கும் ஊருக்கும் தெரிஞ்சிடும். அவ திரும்பி நிக்கிறா பாரு, அவளுக்கு வெறும் மூச்சுதான் கேட்டிருக்கும்."

அன்றைக்கு 'எக்ஸ்ஹேல்ஸ்' என்று போனது. மூச்சு விட்டதோடு சரி. நான்கு காட்சி தள்ளி அவள் விவாகரத்து கேட்கும்போதுதான் அந்த மூச்சு என்ன மூச்சு என்று தெரியும். அக்கா சொன்னதுதான் சரி.

கூட்டத்தின் சிரிப்பு ஒரு வகையில் சுலபம். 'லாஃப்டர்' என்று போட்டுவிடலாம். அதிலும் ஒரு வரலாறு உண்டு. 1950களில் சார்லி டக்ளஸ் என்ற ஒலிப் பொறியாளர் விதவிதமான சிரிப்புகளை நாடாவில் பதிந்து, தட்டச்சுப் பொறிபோல் விசைகளை அழுத்தி வரவழைக்கும் பெட்டி ஒன்றைச் செய்தார். அமெரிக்க நகைச்சுவைத் தொடர்கள் பலவற்றில் நாம் கேட்ட ஜனச்சிரிப்பு அந்தப் பெட்டியிலிருந்து வந்தது. கொரியப் போர்க்கள மருத்துவமனையைப் பற்றிய 'மாஷ்' தொடருக்கும் தொலைக்காட்சி நிறுவனம் அந்தச் சிரிப்பைத் திணித்தது. தயாரிப்பாளர்கள் போராடி, அறுவைச் சிகிச்சைக் காட்சிகளுக்கு மட்டும் விலக்கு வாங்கினார்கள். மருத்துவர் அதே கிண்டலைச் சாப்பாட்டுக் கூடாரத்தில் அடித்தால் ஊர் சிரிக்கும்; கத்தியைக் கையில் வைத்துக்கொண்டு அடித்தால் ஒரு சத்தமும் இருக்காது. பிரிட்டனில் பிபிசி அந்தத் தொடரைச் சிரிப்பே இல்லாமல் ஒளிபரப்பியது. இரண்டையும் பார்த்தவர்கள் அது வேறு தொடர் என்றே சொல்வார்கள்.

சிரிப்பை விட்டு ஏளனத்துக்குள் போனால் ஓசை நின்றுவிடுகிறது. சொல் மட்டும் மிஞ்சுகிறது. 'மாக்' என்றால் பழிப்புக் காட்டுவது. எதிராளியின் குரலையோ நடையையோ திருப்பிச் செய்து காட்டும் குணம் அதற்குள் உண்டு. 'டான்ட்' சீண்டி எதிர்வினை வாங்கப் பார்ப்பது. 'ஜியர்' செய்யக் கும்பல் வேண்டும். 'ரிடிக்யூல்' கோட்டு சூட்டு போட்டது, பத்திரிகைத் தலையங்கத்துக்கும் நாடாளுமன்றத்துக்கும் ஏற்றது. இவற்றில் 'டீஸ்' ஒன்றுக்குத்தான் அன்பு கலந்தும் வர உரிமை இருக்கிறது. அதன் பூர்வீகம் கம்பளித் தொழில்: ஆட்டுமயிரைச் சிக்கெடுத்துப் பிரிப்பதை அப்படிச் சொன்னார்கள். மேடையில் பேசுகிறவரை இடைமறித்துக் குடைவதற்கு 'ஹெக்கிள்' என்கிறார்களே, அதுவும் சிக்கெடுத்த சொல்தான். ஆளி, சணல் நார்களை இரும்புப் பல் வைத்த சீப்பில் இழுத்து வாருவது ஹெக்கிள். ஸ்காட்லாந்தில் தேர்தல் வேட்பாளர்களைப் பொதுக்கூட்டத்தில் கேள்வி கேட்டுத் துளைத்ததற்கு அந்தப் பெயரை வைத்தார்கள். கம்பளிக்கு மென்மையாக, நாருக்கு இரும்புப் பல்லால். இரண்டு சொல்லின் குணமும் இன்றுவரை மாறவில்லை.

'சார்க்காஸம்' இன்னும் கொடூரம். சதையைக் கிழிப்பது என்று பொருள்படும் கிரேக்கச் சொல்லிலிருந்து வந்தது. எங்களுக்கு இது பெரிய தலைவலி. சொல்வது ஒன்று, தொனி நேர் எதிர். காது கேளாதவருக்குத் தொனி போய்ச் சேராது. எழுத்தை அப்படியே நம்பிவிடுவார். மழையில் நனைந்து வந்தவன் 'அருமையான நாள்' என்று சொன்னால் திரையிலும் அருமையான நாள்தான். அமெரிக்க வாடிக்கையாளர்கள் குத்தலான குரலில் பேசுவதாக அடைப்புக்குறிக்குள் எழுதச் சொல்வார்கள். பிபிசியின் வழிகாட்டி இதற்கு அழகான குறுக்குவழி வைத்திருக்கிறது: குத்தலான வாக்கியத்தின் முடிவில் அடைப்புக்குறிக்குள் ஓர் ஆச்சரியக்குறி, குத்தலான கேள்வி என்றால் அடைப்புக்குறிக்குள் ஒரு கேள்விக்குறி. அவ்வளவுதான். ஃபிரெஞ்சுக் கவிஞர் அல்கான்தர் த பிராம் 1899இலேயே இந்த நோக்கத்துக்கு ஒரு தனிக்குறி முன்மொழிந்தார், யாரும் சீந்தவில்லை. பிபிசியின் குறி மட்டும், பிரிட்டிஷ்காரர்களுக்கு அன்றாடத் தேவை என்பதால் நிலைத்திருக்கிறது என்று நினைக்கிறேன். 'ஐரனி'க்கு எந்தக் குறியும் உதவாது. அயர்லாந்தின் வறுமைக்குத் தீர்வாக ஏழைக் குழந்தைகளைப் பணக்காரர்கள் வாங்கிச் சாப்பிடலாம் என்று 1729இல் ஜோனத்தன் ஸ்விஃப்ட் ஒரு சிறு பிரசுரம் எழுதினார். கணக்குப்பிள்ளை எழுதிய அறிக்கைபோல் முகத்தில் ஒரு சுருக்கம்கூட இல்லாமல் எழுதினார். அதன் ஓரத்தில் ஆச்சரியக்குறி போட்டிருந்தால் அதன் உயிரே போயிருக்கும்.

இதே ஸ்விஃப்டுக்கு ஒரு சொல்லைக் கண்டாலே ஆகாது: 'பான்டர்'. அவர் காலத்தில் புதிதாக முளைத்திருந்த தெருச்சொல். 1710இல் 'டாட்லர்' இதழில் எழுதியபோது, இந்தச் சொல் பரவுவதைத் தடுக்கத் தன்னால் ஆனதைச் செய்தும் கூட்டத்திடம் தோற்றுப்போனதாக அலுத்துக்கொண்டார். இன்றைய பிரிட்டனில் இந்தச் சொல் இல்லாமல் ஒரு மதுக்கூடக் காட்சியும் இல்லை, ஓர் உடைமாற்றும் அறையும் இல்லை. இரண்டு பேர் மாறி மாறிக் கலாய்த்துக்கொள்வது பான்டர். மாறி மாறி என்பதுதான் அதன் உயிர்நாடி. ஒருவர் மட்டுமே வாங்கிக்கொண்டிருந்தால் அதற்கு வேறு பெயர்.

அந்த வித்தியாசத்துக்கு எவ்வளவு எடை என்பதை யார்க்‌ஷயர் கிரிக்கெட் சங்கம் கற்றுக்கொண்டது. கராச்சியில் பிறந்து இங்கிலாந்தில் வளர்ந்த அசீம் ரஃபீக், அந்த அணிக்கு ஆடிய சுழற்பந்து வீச்சாளர். தன்னை அணியில் இனவெறியோடு நடத்தினார்கள் என்று 2020இல் வெளிப்படையாகச் சொன்னார். பாகிஸ்தான் வம்சாவளியினரை இழிவுபடுத்தும் சொல்லால் சக வீரர் ஒருவர் அவரை அழைத்ததை, நட்பும் நல்லெண்ணமும் கொண்ட பான்டர் என்ற வகையில் விசாரணை அறிக்கை வைத்திருந்தது 2021 நவம்பரில் வெளியே வந்தது. அதன்பிறகு விளம்பரதாரர்கள் ஒவ்வொருவராகக் கழன்றுகொண்டார்கள். சங்கத் தலைவர் பதவி விலகினார். ரஃபீக் நாடாளுமன்றக் குழுவின் முன் உட்கார்ந்து கண்ணீரோடு சாட்சி சொன்னார். அந்த ஒளிபரப்பை எங்கள் அலுவலகத்தில் பலர் பார்த்தோம். கிரிக்கெட்டுக்காகப் பாதி, சொல்லுக்காகப் பாதி.

அதற்குப் பிறகு வந்த ஒரு பிரிட்டிஷ் தொடரில் உடைமாற்றும் அறைக் காட்சி. ஐந்து பேர் ஒருவனைச் சுற்றி நின்று அவன் கொண்டுவந்த சாப்பாட்டின் வாசனையைப் பற்றிப் பேசிச் சிரிக்கிறார்கள். எங்களிடம் புதிதாகச் சேர்ந்த பையன் அடைப்புக்குறிக்குள் 'ஆல் லாஃபிங்' என்று போட்டிருந்தான். அக்கா அந்த இடத்தில் நிறுத்தி, ஒலியை மூடிவிட்டுப் படத்தை மட்டும் ஓட்டினார்.

"ஆல்னு போட்டிருக்கியே தம்பி, அந்த ஓரத்துல டப்பாவை மூடுறானே, அவனும் சிரிக்கிறானா?"

"இல்லக்கா. வாயைத் திறக்கல."

'அதர்ஸ் லாஃபிங்' என்று மாற்றி அனுப்பினார்.